கிறகோரிக்கு ஒரு கதிரை

யாழ்ப்பாணத்தில் மின்சாரம் நின்றுபோன மூன்றாம் வருஷம், சினிமாவை ஒழுங்குபடுத்த ஒரு சபை அமைந்தது. ஒழுங்குபடுத்துகிற அளவுக்குச் சினிமா அப்போது எங்கே இருந்தது என்று என்னைக் கேட்காதீர்கள். ஒரு தியேட்டரில் அரிசி மூட்டை அடுக்கியிருந்தார்கள். இன்னொன்றில் இடம்பெயர்ந்து வந்த சனம் சேலைகட்டி மறித்துக் குடியிருந்தது. படம் எடுக்க ஆசைப்பட்டவர்களைக் குடாநாடு முழுக்கத் தேடினாலும் ஒரு கையின் விரல்களே போதும் எண்ணுவதற்கு. சபைக்கு மட்டும் தலைவர், உபதலைவர், செயலாளர், உபசெயலாளர், பொருளாளர், தொழில்நுட்ப ஆலோசகர், போஷகர்கள் என்று ஒரு வாங்குப் பலகை நிறைய ஆட்கள் இருந்தார்கள். பெயரையும் சொல்லிவிடுகிறேன்: வடபுல அசைபடக் கலை நெறிப்படுத்தற் சபை. இதை மூச்சு விடாமல் சொல்லக்கூடியவர் சீவரத்தினம் ஒருவர்தான். அதனால்தான் அவரைத் தலைவராக்கினார்கள் என்று ஊரில் கதை.

சீவரத்தினம் இளைப்பாறிய உத்தியோகத்தர். சினிமா ஒழுக்கத்துக்குக் கேடு என்று இளமையிலிருந்தே தியேட்டர் பக்கம் தலைவைத்தும் படுக்காதவர். ஆகவே பக்கச்சார்பு இல்லாதவர் என்று ஏகமனதாகத் தெரிவானார். தொழில்நுட்ப ஆலோசகர் இளையதம்பிக்கு ரேடியோ திருத்துகிற கடை. சபையில் ஜெனறேற்றர் வைத்திருந்த ஒரே ஆள் அவர். தகுதி அதுதான்.

சபை செய்த முதற் காரியம், படம் எடுப்பவர்களை இரண்டாகப் பிரித்தது. திரையில் தெரிவோர் ஒரு பிரிவு, தெரியாதோர் மறு பிரிவு. நடிக்கிறவர்கள் முதலாவதில். கமரா பிடிக்கிறவர், விளக்குப் பிடிக்கிறவர், தேத்தண்ணி ஊற்றுகிறவர் எல்லாரும் இரண்டாவதில். தெரிவோருக்குப் புகைப்படம் ஒட்டிய அட்டை. தெரியாதோர் அட்டையில் புகைப்படத்துக்கு இடமே விடவில்லை. திரையில் தெரியாதவருக்கு எதற்கு முகம் என்று தலைவர் கேட்டபோது வாங்கு முழுவதும் தலையாட்டியது. ஒருவர் இரண்டு பிரிவிலும் இருக்க முடியாது. இருந்தால் என்ன குடிமுழுகிவிடும் என்று ஒருவரும் கேட்கவில்லை. கேட்கிற ஆளை யாராவது உபசெயலாளர் ஆக்குவார்களா?

லியோன் வந்து மாட்டியது இந்த இடத்தில்தான்.

லியோன் குருநகர்ப் பையன். கடற்றொழிலுக்குத் தடை வந்தபிறகு கலியாண வீடுகளில் விளக்குப் பிடிக்கப் போனவன். ரியூட்டரியில் தமிழ் படிப்பிக்கிற செல்வரட்ணம் மாஸ்டருக்குச் சாவதற்குள் ஒரு படம் எடுத்துவிட வேண்டும் என்று பிடிவாதம். யாரும் காசு போடாத, யாரும் கேட்காத படம். கடல்நீரேரியைக் கடந்து போன ஒருவனுக்காகக் கரையில் காத்திருக்கிறவர்களின் கதை. கதாநாயகனாக ஒழுங்குபண்ணிய ஆள் ஒத்திகை முடிந்த கிழமை கனடாவுக்குப் போய்விட்டான். கமராவுக்கு ஒழுங்குபண்ணிய ஆள் அதற்கு முந்தின கிழமையே பிரான்சுக்குப் போய்விட்டான். மிச்சம் லியோன்தான்.

"மாஸ்டர், நடிக்கிறதும் நான், எடுக்கிறதும் நான் எண்டால் எப்பிடி?"

"கமராவை முக்காலியிலை பூட்டு. பட்டனை அமத்து. ஓடிப்போய் முன்னுக்கு நில். உது பெரிய வித்தையே?" என்றார் மாஸ்டர்.

கமரா கிறகோரியுடையது. கரையோரப் பங்குக் கோயில்களில் எந்தக் கலியாணத்துக்கும் அவர்தான் வீடியோ. அவரிடம் ஒரு பழக்கம் இருந்தது. எந்தக் காட்சியை எடுத்தாலும் முகத்தில் தொடங்குவார். கொஞ்ச நேரம் பொறுப்பார். பிறகு மெல்ல இறங்கிக் காலில் கொண்டுபோய் முடிப்பார். மாப்பிள்ளையின் சப்பாத்து, பெண்ணின் கொலுசு, சுவாமியாரின் செருப்பு என்று அவர் எடுத்த வீடியோக் கசற் எல்லாவற்றிலும் கால்கள்தான். "முகம் பொய் சொல்லும். காலைப் பார், மாப்பிள்ளை ஓடப் பாக்கிறானோ எண்டு தெரியும்" என்பார். கிறகோரி வருகிறார் என்றால் சனம் முகத்துக்குப் பவுடர் போடுகிறதோ இல்லையோ, காலைத் தேய்த்துக் கழுவும்.

போன வருஷம் கசற் வாங்கி வரக் கிளாலிக் கடல்நீரேரியால் வள்ளத்தில் போனார். வள்ளங்களில் துப்பாக்கிச் சூடு விழுந்த கிழமை அது. வேறு ஆட்களின் உடல்கள் கரைக்கு வந்தன. கிறகோரி வரவில்லை. உயிரோடும் வரவில்லை, மற்றப்படியும் வரவில்லை. மனைவி மக்டலீனைத் துக்கத்துக்குக் கறுப்பு உடுக்கச் சொல்லி இனசனம் நின்றது. சுவாமியார் ஆத்துமப் பூசை வைப்போமா என்று பதமாகக் கேட்டுப் பார்த்தார். "உடம்பைக் கொண்டந்து காட்டுங்கோ, உடுக்கிறன்" என்றாள். அத்தோடு எல்லாரும் வாயை மூடிக்கொண்டார்கள். லியோன் கமராவைக் கேட்டுப் போனபோது மட்டும் மறுப்புச் சொல்லவில்லை. "அவரின்ரை கை பட்ட சாமான் தம்பி. சும்மா கிடந்தால் பூத்துப்போம்" என்று எடுத்துக் கொடுத்தாள்.

சபையின் விசாரணை, சொந்தக்காரர் வெளிநாடு போன ஒரு வீட்டின் விறாந்தையில் நடந்தது. லியோன் கையைக் கட்டிக்கொண்டு நின்றான்.

"நீர் முன்னுக்கு நிக்கேக்கை கமராவுக்குப் பின்னாலை ஆர் நிக்கிறது?" என்று தலைவர் கேட்டார்.

"ஒருத்தரும் இல்லை ஐயா."

"ஒருத்தரும் இல்லாத இடத்திலை படம் எப்பிடி வரும்?"

"பட்டனை அமத்திப்போட்டு நான் முன்னுக்கு ஓடுவன் ஐயா."

தலைவர் கண்ணாடியைக் கழற்றினார். "ஓடேக்கை நீர் எந்தப் பிரிவு?"

ஓடும்போது கால் தடக்கக் கூடாது என்பதைத் தவிர லியோன் வேறொன்றையும் யோசித்ததில்லை. சபை அதைப் பற்றி மத்தியானம்வரை விவாதித்தது. ஓட்டத்தின் முதற் பாதி தெரியாதோருக்கும் மறுபாதி தெரிவோருக்கும் சேரும் என்றார் உபதலைவர். கமராவின் கண்ணுக்குள் எந்தக் கால் முதலில் நுழைகிறது என்று பார்க்க வேண்டும் என்றார் ஒரு போஷகர். கடைசியில் விசேட அனுமதி கிடைத்தது. லியோனுக்கு இரண்டு அட்டை. நிபந்தனைகளைத் தலைவர் எழுந்து நின்று வாசித்தார்.

"நடிகர் லியோனும் கமராக்காரர் லியோனும் படப்பிடிப்பு நேரத்தில் தமக்குள் உரையாடலாகாது. ஓடுகின்ற வேளையில் அன்னார் எப்பிரிவையும் சாராதவர் ஆகையால், அவ்வேளையில் அன்னாருக்கு நேரும் எதற்கும் சபை பொறுப்பேற்காது. கமராவில் எரியும் சிவப்பு விளக்கு வானில் வரும் குண்டுவீச்சு விமானத்திலிருந்து பார்ப்போருக்குத் தென்படாதவாறு பிளாஸ்ரர் ஒட்டி மறைக்கப்படுதல் வேண்டும்."

ஊசிமுனை அளவு விளக்கு அது. பதிவாகிறது என்பதற்கு அடையாளம். லியோன் பிளாஸ்ரர் ஒட்டினான். அன்றிலிருந்து கமரா ஓடுகிறதா இல்லையா என்று பட்டனை அமத்தினவனுக்கு மட்டும்தான் தெரியும்.

வீட்டுக்குப் போகும் வழியில் இரண்டு அட்டையையும் எடுத்துப் பார்த்தான். ஒன்றில் அவன் முகம் இளித்துக்கொண்டிருந்தது. மற்றதில் பெயர் மட்டும். சவக்காலைச் சிலுவையில் இப்படித்தான் பெயர் மட்டும் எழுதியிருக்கும். அதை மற்றப் பொக்கற்றில் தனியாக வைத்தான்.

கடைசிக் காட்சியைக் கொழும்புத்துறைக் கரையில் எடுத்தார்கள். போனவன் போகிற காட்சி. லியோன் கரையோரமாக நடந்து, கணுக்கால் தண்ணீரில் ஒருமுறை நின்று, பிறகு உள்ளே போக வேண்டும். மக்டலீன் அன்று கோயிலுக்குப் போய்விட்டாள். மாஸ்டர் சேறு புதைகிற இடத்தைக் காட்டுவதற்காக இடுப்பளவு தண்ணீரில் தள்ளி நின்றார். லியோன் பட்டனை அமத்தினான், ஓடினான், நடந்தான், உள்ளே போனான். திரும்பி வந்தபோது கமரா பக்கவாட்டில் திரும்பி, தலை கவிழ்ந்திருந்தது. திருகாணி இளகிவிட்டது என்று நினைத்தான். எடுத்ததைத் திருப்பிப் பார்க்க, கமராவை ஓட்டிய மோட்டார்சைக்கிள் பற்றறியில் மிச்ச உயிரில்லை. ஆகவே அதை முதன்முதல் பார்த்தது சபையோடு சேர்ந்துதான்.

சபை, படத்தைப் பகலில் பார்த்தது. யன்னல்களுக்குப் போர்வை கட்டி, இளையதம்பியின் ஜெனறேற்றரை மண்ணெண்ணெயில் இருமவிட்டு, ஒரு சின்ன ரீவிக்கு முன்னால் எல்லாரும் இருந்தார்கள். கருவியின் சொந்தக்காரர் சமுகமளிக்க வேண்டும் என்று ஒரு விதி இருந்ததால் மக்டலீனும் வந்து கதவோரம் நின்றாள்.

திரையில் லியோன் நடந்தான். கமரா கொஞ்ச நேரம் பொறுத்தது. பிறகு ஒரு ஆள் கழுத்தைத் திருப்புவது போல மெல்லத் திரும்பி அவன் பின்னாலேயே போனது. அவன் கணுக்கால் தண்ணீரில் நின்றபோது தானும் நின்றது. அவன் முகத்தைப் பார்த்தது. பொறுத்தது. பிறகு மெல்ல இறங்கி அவன் கால்களில் போய் இருந்தது.

கமராவைத் திருப்பின அந்தக் கையை லியோனுக்குத் தெரியும். எத்தனை கலியாண வீட்டில் அதற்குப் பக்கத்தில் விளக்குப் பிடித்திருக்கிறான்!

"அது அவர்" என்றாள் மக்டலீன்.

"எவர்?" என்றார் தலைவர்.

"என்ரை மனுசன். கிறகோரி."

ஜெனறேற்றர் மட்டும் இருமிக்கொண்டிருந்தது. போஷகர் ஒருவர் விபூதி பூசின நெற்றியைத் தடவினார். சபை பயந்துவிட்டது என்று நீங்கள் நினைத்தால் சபையை நீங்கள் அறியவில்லை. தலைவர் செயலாளர் பக்கம் திரும்பினார்.

"உவர் பதிஞ்சவரோ?"

செயலாளர் தேடிப் பார்த்து, இல்லை என்றார். அப்போதுதான் தலைவரின் முகத்தில் கலவரம் தெரிந்தது.

இளையதம்பி எழும்பி, திருகாணி இளகினால் கமரா கீழே கவிழும், அதை ஒப்புக்கொள்ளலாம், ஆனால் பக்கமாக அப்படிப் பக்குவமாய்த் திரும்பாது, திரும்பினாலும் ஆளோடு சேர்ந்து நிற்காது என்று தொழில்நுட்ப அபிப்பிராயம் சொன்னார். ஆகவே அது ஒரு ஆள் செய்த வேலை. ஆகவே அனுமதி பெறாத வேலை. தலைவர் எழுந்தார்.

"அன்பர்களே! காணாமற் போனோர், மாண்டோர் என்றெல்லாம் காரணம் காட்டி இன்று ஒருவருக்கு விலக்களித்தால், நாளை அனைவரும் காணாமற் போய்விட்டுச் சபையின் அனுமதியின்றிப் படமெடுக்கத் தொடங்குவர். ஒரு மனிதர் எங்கே போனார் என்று தேடுவது சபையின் கடமையன்று. போனவர் சபைக்கு அறிவித்துவிட்டுப் போனாரா என்பதே சபையின் கேள்வி."

பலத்த கைதட்டல்.

கிறகோரியை விசாரணைக்கு அழைப்பது என்று தீர்மானமானது. விலாசம்தான் இல்லை. கடைசியாகப் போன திசை கடல் என்பதால், செயலாளரும் உபசெயலாளரும் கொழும்புத்துறைக் கரைக்குப் போய், தகரக் குழாய் ஒன்றை வாயில் வைத்து, தண்ணீரைப் பார்த்து வாசித்தார்கள். "குருநகரைச் சேர்ந்த கிறகோரி என்பவர் வருகின்ற சனிக்கிழமை காலை, அட்டைக்கு விண்ணப்பிக்கத் தவறியமைக்கான காரணத்துடன்..." வலை தைத்துக்கொண்டிருந்தவர்கள் சிலுவை போட்டுக்கொண்டார்கள். கரையில் நின்ற ஒரு நாய் மட்டும் கடைசிவரை கேட்டது. மறுப்பு வராததால் அழைப்புக் கிடைத்ததாகக் கொள்ளப்பட்டது.

சனிக்கிழமை காலை மக்டலீனைக் கூட்டிப்போகப் போன லியோன் வாசலில் அப்படியே நின்றுவிட்டான். அவள் தலை முழுகி, மஞ்சள் நைலெக்ஸ் சேலை உடுத்து, பவுடர் போட்டிருந்தாள். கிறகோரி கடைசியாக வாங்கிக் கொடுத்த சேலை அது.

"அக்கா, உவங்கள் விசரங்கள், பைத்தியங்கள். உதை நம்பி வெளிக்கிடாதேங்கோ."

"விசரங்கள் எண்டு தெரியும் தம்பி." அவள் சேலைத் தலைப்பைச் சரிசெய்தாள். "அவர் போன நாளிலையிருந்து எல்லாரும் என்னட்டை முடிஞ்சுது, முடிஞ்சுது எண்டுதான் சொல்லுறாங்கள். இவங்கள் ஒரு ஆக்கள்தான் அவரை வாங்கோ எண்டு கூப்பிட்டவங்கள். நான் எப்பிடி வீட்டு உடுப்போடை போறது?"

லியோன் சைக்கிளைத் திருப்பினான்.

விறாந்தையின் நடுவில் கிறகோரிக்கு ஒரு கதிரை போட்டிருந்தார்கள். கைபிடி வைத்த நல்ல கதிரை. சபைக்கு ஒரு கதிரை குறைந்ததால் உபசெயலாளர் நின்றார். மக்டலீன் அந்தக் கதிரைக்குப் பக்கத்தில், சுவரோடு சாய்ந்து நின்றாள்.

"கிறகோரி அவர்களே," என்று தலைவர் கதிரையைப் பார்த்து ஆரம்பித்தார். "நீர் தெரியாதோர் பிரிவுக்குரிய தொழிலை அட்டையின்றிச் செய்தீரா, இல்லையா?"

கதிரை பேசவில்லை.

"எழுந்து நின்று பதில் சொல்லும்."

இளையதம்பி குனிந்து தலைவரின் காதில் கேட்டார். ஆனால் எல்லாருக்கும் கேட்டது. "ஐயா, அவர் எழும்பினாரோ இல்லையோ எண்டு நாங்கள் எப்பிடிக் கண்டுபிடிக்கிறது?"

"எழும்பினால் கதிரை கொஞ்சமெண்டாலும் சத்தம் போடுமெல்லே!"

எல்லாரும் காதைக் கொடுத்தார்கள். முற்றத்தில் ஒரு காகம் கத்தியது. ஊர் எவ்வளவு அமைதியாக இருக்கிறது என்று அப்போதுதான் தெரிந்தது. இத்தனை வீடுகளில் ஆட்கள் இல்லை. மக்டலீன் கதிரையின் கைபிடியில் மெல்லக் கை வைத்தாள். ஆளின் தோளில் கை வைப்பது போல வைத்திருந்தாள்.

"எழும்பவில்லை" என்று தலைவர் அறிவித்தார். "பிரதிவாதியின் மௌனம் குற்றத்தை ஒப்புக்கொண்டதாகவும், எழும்பாமை சபையை அவமதித்ததாகவும் கொள்ளப்படுகிறது. இவர் ஆயுள் உள்ளவரை இப்பிரதேசத்தில் கமரா தொடலாகாது எனச் சபை தடை விதிக்கிறது."

"ஐயா," என்றாள் மக்டலீன். "ஆயுள் உள்ளவரை எண்டோ சொன்னியள்?"

"ஓம் அம்மா. அதுதான் ஆகக்கூடின தண்டனை."

"அப்ப அவருக்கு ஆயுள் இருக்கு."

தலைவர் செயலாளரின் தாளை எட்டிப் பார்த்தார். "அது... வழக்கமாய் எழுதுறது அம்மா."

"இருக்கட்டும் ஐயா. எழுதிப்போட்டியள். பிறகு வெட்டிப்போடாதேங்கோ." அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். கிறகோரி போனபிறகு அவள் சிரித்ததை லியோன் அன்றுதான் கண்டான்.

தீர்ப்பின் மறுபாதி அதற்குப் பிறகுதான் வந்தது. அனுமதியற்ற ஆள் எடுத்த பகுதி அழிக்கப்பட வேண்டும். கசற் தட்டுப்பாடு காரணமாக, அதே காட்சியைச் சபையின் முன்னிலையில், அதே கசற்றில், அதே இடத்தின் மேலேயே திரும்ப எடுக்க வேண்டும். ஒருவரும் தொடாத, அசையாத கமராவால்.

"அழிஞ்சுபோமே தம்பி?" வழியில் மக்டலீன் கேட்டாள். அவளுடைய சிரிப்பு விறாந்தைப் படியோடு நின்றுவிட்டிருந்தது.

"மேலாலை எடுத்தால் கீழை இருக்கிறது போயிடும் அக்கா."

"அவரின்ரை கை அதுக்குள்ளை இருக்கு. வேறை ஒண்டும் என்னட்டை இல்லை. கலியாணம் கலியாணமாய் எடுத்த மனுசன், தன்னை ஒரு படம் எடுக்கேல்லை." லியோன் பக்கம் திரும்பினாள். "உன்னாலை ஒண்டும் செய்யேலாதே?"

லியோன் மாஸ்டரிடம் ஓடினான். மாஸ்டர் தலையில் கை வைத்தார். சபையை மீறினால் படம் இல்லை, கமராவையும் பறிப்பார்கள், பிறகு மக்டலீனுக்கு அதுவும் இல்லை. "அவங்கள் சொன்னபடி நடி" என்றார் மாஸ்டர். பிறகு இன்னொன்றும் சொன்னார். "நடிக்கத்தானே சொன்னனான். எடுக்கிறதைப் பற்றி நான் ஒண்டும் சொல்லேல்லை."

லியோனுக்கு அது விளங்கக் கொஞ்ச நேரம் பிடித்தது.

சபை சைக்கிள்களில் கரைக்கு வந்தது. இளையதம்பி குறட்டால் திருகாணியை இறுக்கி, அதற்கு மேல் கம்பி சுற்றினார். முக்காலியைச் சுற்றிச் சுண்ணாம்பால் வட்டம் போட்டார்கள். நடிகர் ஓடிய பிறகு வட்டத்துக்குள் உயிருள்ளவரோ மற்றவரோ எவரும் நுழையக் கூடாது என்று தலைவர் உரத்துச் சொன்னார். சொல்லும்போது கடலைப் பார்த்துச் சொன்னார். சபை சைகை காட்டும்வரை நடிகர் திரும்பவே கூடாது. மக்டலீன் வட்டத்துக்கு வெளியே, கமராவின் பக்கத்தில், அதே மஞ்சள் சேலையில் நின்றாள்.

லியோன் கசற்றைப் பழைய இடத்துக்குக் கொண்டுவந்து நிறுத்தினான். குனிந்தான். பட்டனில் விரலை வைத்தான். எல்லாரும் பார்த்தார்கள். அவன் அமத்தவில்லை. பிளாஸ்ரருக்குக் கீழே விளக்கு எரியவில்லை, எரியாததை ஒருவரும் காணவில்லை. சபை போட்ட விதி ஒன்று முதன்முதலாக ஒருவருக்கு உதவியது.

ஓடினான். நடந்தான். கணுக்கால் தண்ணீரில் நின்று, பிறகு உள்ளே போனான். முழங்கால், தொடை, இடுப்பு. கிறகோரி அண்ணை இந்தத் தண்ணீரில்தான் எங்கேயோ என்று நினைத்தபோது காலடியில் சேறு குழைந்தது. அவன் நின்றான். சைகை வரவில்லை.

பொம்மர் வந்தது.

முதலில் இரைச்சல், பிறகு தலைக்கு மேலேயே. சபை அந்த நிமிஷமே கலைந்தது. தலைவர் மணலில் குப்புற விழுந்தார். போஷகர்கள் தாழைப் பற்றைக்குள் புகுந்தார்கள். இளையதம்பி குறட்டைத் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டு கிடந்தார். லியோன் திரும்பவில்லை. திரும்பினால் இன்னொருமுறை எடுக்கச் சொல்வார்கள். இன்னொருமுறை பட்டனுக்குப் பக்கத்தில் யாராவது வந்து நிற்பார்கள். பல்லைக் கடித்துக்கொண்டு, "மாதாவே, மாதாவே" என்று முணுமுணுத்துக்கொண்டு நின்றான். முதுகு கூசியது. பின்னால் இருந்து யாரோ தன்னைப் பார்க்கிறார்கள் என்று தெளிவாகத் தெரிந்தது. பிறகு அந்தப் பார்வை முதுகை விட்டு விலகிப் போனதும் தெரிந்தது.

குண்டு தூரத்தில் எங்கேயோ விழுந்தது. இரைச்சல் தேய்ந்தது. நெடுநேரத்துக்குப் பிறகு தலைவர் மணலைத் துப்பிவிட்டுச் சைகை காட்டினார்.

லியோன் கரைக்கு வந்தபோது கமரா வைத்தபடியே கடலைப் பார்த்துக்கொண்டிருந்தது. கம்பி சுற்றியபடி. வட்டத்தில் ஒரு காலடியும் இல்லை. இளையதம்பி குனிந்து பார்த்து, அசையவில்லை என்று சான்று கூறினார். மக்டலீன் மட்டும் நின்ற இடத்தை விட்டு அசையாமல் நின்றாள். பொம்மருக்கும் அவள் படுக்கவில்லை. ஈரம் சொட்டச் சொட்ட வந்த லியோனின் கையை இறுக்கிப் பிடித்தாள்.

"திரும்பினது தம்பி."

"என்னக்கா?"

"எல்லாரும் விழுந்து கிடக்கேக்கை. கமரா மெல்லத் திரும்பி என்னைப் பாத்தது. இந்தமுறை காலுக்கு இறங்கேல்லை. என்ரை முகத்தைப் பாத்துக்கொண்டே நிண்டவர். கன நேரம்." அவளுடைய முகம் கலியாணப் பெண்ணின் முகமாக இருந்தது. "பிறகு திரும்பிப் போயிட்டார். போறன் எண்டு சொல்லிப்போட்டுப் போன மாதிரி. எனக்கு இனிக் காணும், அது போதும். நான் கறுப்பு உடுப்பன், பூசையும் வைப்பன். அதை ஒருக்கால் பாத்திட்டு வைப்பன். நீ எடுத்தனிதானே?"

லியோன் பிளாஸ்ரரைப் பார்த்தான். அதன் கீழே என்ன இருந்தது, என்ன இருக்கவில்லை என்று அந்தக் கரையில் அவன் ஒருவனுக்குத்தான் தெரியும். கசற்றில் பழைய கால்கள் பத்திரமாக இருந்தன. அவள் பார்க்கக் கேட்ட அவளுடைய முகம் எதிலும் பதியவில்லை.

"எல்லாம் ஒழுங்காய்ப் பதிவாகியிருக்கு அம்மா," என்று தலைவர் குறுக்கிட்டார். வேட்டியில் மணல் தட்டிக்கொண்டிருந்தார். "சபையே நேரிலை நிண்டு பாத்தது. நேரிலை பாத்ததை ரீவியிலை பாத்து மண்ணெண்ணெயைச் செலவழிக்கத் தேவையில்லை. படத்துக்கு அனுமதி."

மக்டலீன் அவர் பக்கம் திரும்பவேயில்லை. "எடுத்தனிதானே தம்பி?"

"ஓம் அக்கா," என்றான் லியோன். "எடுத்தனான்."

அவள் அவன் கையை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

செயலாளர் பேனாவைத் திறந்தார். சபையின் முன்னிலையில் சொல்லப்படுவது எதுவும் எழுதப்பட வேண்டும். "உந்த வாக்குமூலத்தை எந்தப் பிரிவிலை போடுறது? நீர் நடிகராய்ச் சொன்னனீரோ, கமராக்காரராய்ச் சொன்னனீரோ?"

லியோன் இரண்டு பொக்கற்றையும் தடவினான். காற்சட்டைப் பொக்கற்றில் இருந்த அட்டை ஈரத்தில் ஊறியிருந்தது. அதை எடுத்து நீட்டினான். முகம் இளித்துக்கொண்டிருந்த அட்டை அது. செயலாளர் பார்த்து எழுதிக்கொண்டார்: எடுத்ததாகக் கூறியவர், தெரிவோர் பிரிவு, நடிகர் லியோன்.

கமராக்காரர் லியோனை யாரும் ஒன்றும் கேட்கவில்லை. அவனும் ஒன்றும் சொல்லவில்லை.